பெற்றவன் வீட்டில் பெண் இருப்பது சட்டவிரோதக் காவலா?

கேள்வி: என் மகளுக்கு 22 வயது, பி.ஃபார்ம் முடித்தவள். கல்லூரியில் ஜூனியர் பையனை ரகசியமாகக் கோயிலில் கல்யாணம் செய்துகொண்டாள். விஷயம் தெரிந்ததும் வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டோம். 18 நாள் ஆகிறது. போனை வாங்கி வைத்திருக்கிறேன், நாங்கள் வெளியே போனால் பூட்டிவிட்டுப் போகிறோம், மற்றபடி ஒரு குறையும் வைக்கவில்லை. இப்போது அந்தப் பையன் மதுரை ஹைகோர்ட்டில் ஆட்கொணர்வு மனு போட்டிருக்கிறான். திங்கட்கிழமை அவளை ஆஜர்படுத்தச் சொல்கிறார் இன்ஸ்பெக்டர். பெற்றவன் வீட்டில் பெண் இருப்பது குற்றமா? பையனுக்கு 20 வயதுதான். அதைச் சொன்னால் வழக்கு நிற்காது என்கிறார் தெரிந்தவர் ஒருவர். கோர்ட்டில் என்ன பேச வேண்டும் என்று அவளுக்கு எப்படிச் சொல்லிக்கொடுப்பது?
- ஒரு தகப்பன், திண்டுக்கல் மாவட்டம்

பதில்: ஐயா, வீட்டில் இருப்பது குற்றமில்லை. பூட்டினீர்கள் பாருங்கள், அங்கேதான் விஷயம் மாறுகிறது. மேஜரான ஒருவரை அவர் விருப்பத்துக்கு மாறாக அடைத்து வைத்தால், அடைத்தவர் அப்பாவாக இருந்தாலும் அது சட்டவிரோதக் காவல்தான். பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 127-வது பிரிவுப்படி, பத்து நாளோ அதற்கு மேலோ அடைத்து வைத்தால் ஐந்து வருடம் வரை தண்டனை உண்டு. உங்கள் கணக்கு 18 நாள். பயமுறுத்தச் சொல்லவில்லை. இதைப் படித்து முடித்ததும் பூட்டை எடுத்துவிடுங்கள், போனையும் கொடுத்துவிடுங்கள்.

வயது விஷயத்தில் உங்கள் தெரிந்தவர் பாதிதான் தெரிந்தவர். 2018 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டுக்கு வந்த கேரள வழக்கில் பெண்ணுக்கு 19, பையனுக்கு 21 நிரம்பவில்லை. ஹைகோர்ட் பெண்ணை அப்பாவிடம் ஒப்படைத்திருந்தது. அந்த உத்தரவை சுப்ரீம் கோர்ட் ரத்து செய்தது. வயது குறைவு என்பதாலேயே கல்யாணம் இல்லை என்று ஆகிவிடாது. கல்யாணமே இல்லாவிட்டாலும் மேஜரான இருவர் சேர்ந்து வாழலாம் என்றது. கோயிலில் சாட்சி யார், ரிஜிஸ்டர் ஆனதா என்று நீங்கள் வக்கீல் வைத்து வாதாடலாம். ஆனால் ஆட்கொணர்வு மனுவில் அதெல்லாம் பின்னால்தான். நீதிபதிகள் முதலில் கேட்பது அவளை, உங்களை அல்ல: 'நீ யாரோடு போக விரும்புகிறாய்?'

அதனால்தான் சொல்லிக்கொடுக்கும் வேலை வேண்டாம் என்கிறேன். இந்த வழக்குகளில் நானும் பல வருடம் வராந்தாவில் நின்றிருக்கிறேன். ஒரு பெண் 'அப்பாகூடவே போறேன்' என்று மனப்பாடப் பாட்டுப் போல ஒப்பித்தாள். நீதிபதி பேனாவை மூடி வைத்தார். அம்மா, சித்தப்பா, கூட வந்த போலீஸ் எல்லாரையும் வெளியே அனுப்பிவிட்டு, அவளுக்குத் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். கால் மணி நேரம் கழித்து அவள் வேறு பதிலோடு வெளியே வந்தாள். அம்மா பூச்சிமருந்து குடித்துவிடுவாள் என்று முந்தின இரவு மிரட்டியதும் அப்போதுதான் தெரிந்தது. உங்கள் வீட்டில் அப்படி யாரும் பேசியிருந்தால் இன்றோடு நிறுத்தச் சொல்லுங்கள்.

இன்னொன்று. அவள் உங்களோடும் வேண்டாம், அவனோடும் இப்போது வேண்டாம், ஹாஸ்டலில் இருக்கிறேன் என்று சொல்லலாம். அதுவும் அவள் இஷ்டம். ஊர்ப் பெரியவர்களைக் கூட்டிப் பேசி முடிக்கலாம் என்று யாராவது வந்தால் வாசலோடு அனுப்பிவிடுங்கள். இரண்டு மேஜர்களின் கல்யாணத்தில் தலையிட எந்தப் பஞ்சாயத்துக்கும் உரிமை கிடையாது என்று அதே 2018 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது.

சட்டம் உங்களையும் எதற்கும் கட்டாயப்படுத்தவில்லை. சம்மதிக்காமல் இருக்கலாம், கோபமாக இருக்கலாம், நீங்கள் சம்பாதித்த சொத்தை யாருக்கு வேண்டுமானாலும் எழுதிவைக்கலாம். அவளை அடைத்து வைக்க மட்டும்தான் முடியாது.

இந்தப் பக்கத்தை உங்கள் மகளும் படிக்கலாம். அவளுக்கு ஒரு வரி: அம்மா, பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவசமாக வக்கீல் கிடைப்பார், சட்ட உதவி எண் 15100-க்குப் போன் செய்.

திங்கட்கிழமை காலையில் சாப்பிட வைத்துக் கூட்டிக்கொண்டு போங்கள். ஹைகோர்ட் இருக்கும் ஒத்தக்கடை போய்ச் சேர்ந்தால் நாள் முழுக்கக் காத்திருக்க வேண்டியிருக்கும். பீரோவில் இருக்கும் டிகிரி சர்டிபிகேட், ஆதார் கார்டையும் எடுத்து அவள் பையில் வைத்துவிடுங்கள். அதற்காக அவள் தனியாக ஒரு கேஸ் போட வேண்டாம்.