சுகாமோட்டோ ஏன் ‘வளரவில்லை’? – கடிதம்

அன்புள்ள சார்,
ஜப்பானிய இயக்குநர் ஷின்யா சுகாமோட்டோவின் ‘டெட்சுவோ’ படம் பார்த்தேன். தலை சுற்றியது. ஆனாலும் மறுநாள் திரும்பவும் பார்த்தேன். 1989இலேயே இப்படி ஒரு படம் எடுத்தவர் ஏன் பெரிய இயக்குநராக வளரவில்லை? வாய்ப்பே வரவில்லையா? அடுத்து எதைப் பார்க்கலாம்?
ஆர்., கோவை

அன்புள்ள ஆர்.,

வாய்ப்பு வந்தது. பிறர் தயாரிப்பில் 1999இல் ‘ஜெமினி’ எடுத்தார், நல்ல படம்தான். ஆனால் மறுபடி தன் சிறிய குழுவுக்கே வந்துவிட்டார். அதை வளராமல் போனதாக என்னால் பார்க்க முடியவில்லை.

‘டெட்சுவோ’ 16 எம்.எம். கறுப்பு வெள்ளையில் 67 நிமிடப் படம். எழுத்து, இயக்கம், படத்தொகுப்பு எல்லாம் அவர்தான். தன் உடலுக்குள்ளேயே இரும்பைச் செருகிக்கொள்ளும் அந்த இரும்புப் பித்தனாக நடித்ததும் அவரே. தெருக்களில் மனிதர்கள் சறுக்கிக்கொண்டு பாயும் காட்சியை நினைத்துப் பாருங்கள். நடிகரை நிற்க வைத்து ஒரு ஃபிரேம், கொஞ்சம் நகர்த்தி நிற்க வைத்து இன்னொரு ஃபிரேம் என்று எடுத்தது அது. கையில் காசு இருந்திருந்தால் வேறு வழியில் எடுத்திருப்பார். அந்த வெட்டி வெட்டி இழுக்கும் வேகம் நமக்குக் கிடைத்திருக்காது. அப்புறம் சூ இஷிகாவாவின் இசை. இரும்பை இரும்பால் அடிக்கும் அந்தத் தாளம் இல்லாமல் இந்தப் படமே இல்லை.

என்னை மிகவும் உலுக்கியது 2014இல் வந்த ‘ஃபயர்ஸ் ஆன் த பிளெய்ன்’. ஷோஹெய் ஓஓகாவின் நாவல். இரண்டாம் உலகப்போரின் கடைசியில் பிலிப்பைன்ஸ் காட்டில் பட்டினி கிடக்கும் ஜப்பானியச் சிப்பாய்களின் கதை. பல வருடம் அலைந்தும் பணம் போட ஆள் கிடைக்கவில்லை. கடைசியில் தானே தயாரித்து, நாயகன் டமுராவாகவும் தானே நடித்தார். காசநோய்க்காரனான டமுராவைப் படைப்பிரிவு மருத்துவமனைக்கு விரட்டுகிறது. மருத்துவமனை திருப்பி விரட்டுகிறது. இரண்டு இடத்திலும் சோறு இல்லை, அவ்வளவுதான் காரணம். போரின் பெருமை பேச ஒரு நொடிகூட இடம் தராத இந்தப் படத்தை வேறு யாருடைய பணத்தில் எடுத்திருந்தாலும் மழுக்கியிருப்பார்கள் என்றே நினைக்கிறேன். வெனிஸ் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் அது திரையிடப்பட்டது.

சரி, அடுத்து ‘டோக்கியோ ஃபிஸ்ட்’ (1995) பாருங்கள். குத்துச்சண்டைக்காரராக வருபவர் அவருடைய சொந்தத் தம்பி கோஜி. அவரிடம் அடிவாங்கும் அலுவலக ஊழியராக சுகாமோட்டோ. போர்ப் படத்தை அதற்குப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள். எதையும் சத்தத்தைக் குறைத்து மட்டும் பார்க்க வேண்டாம்.