ரத்தமா, நைட் டூட்டியா?

கேள்வி: ஸ்பெயின் நாட்டு ஃபிளமெங்கோ நடனத்தில் பேர்போன கார்மென் அமாயாவின் அப்பா, அத்தை எல்லோருமே கலைஞர்களாமே? நடனம் அவர் ரத்தத்திலேயே ஊறியிருந்தது என்று சொல்லலாம்தானே?

பதில்: ரத்தத்தில் ஊறியிருந்தது யூரியா. சிறுநீரகக் கோளாறுதான் 1963 நவம்பரில் அவரைக் கொண்டுபோனது. 'ரத்தத்திலேயே இருக்கு' என்கிற வசனத்தை நம் ஆடியோ விழா மேடைகளுக்கே விட்டுவிடுங்கள். அங்கே நடிகர் மகனின் மூன்றாவது படம் ஊத்திக்கொண்ட பிறகும் அதைச் சொல்ல நாலு பேர் இருக்கிறார்கள்.

பார்சிலோனா கடற்கரையோரம் சொமொரோஸ்த்ரோ என்றொரு குடிசைப் பகுதி. அங்கே இருந்த ஜிப்ஸி குடும்பம் இவர்களுடையது. அப்பா கிட்டார்காரர், பட்டப்பெயர் 'எல் சீனோ'. ராத்திரியானால் சின்னப் பெண்ணைக் கூட்டிக்கொண்டு மதுக்கடை மதுக்கடையாக ஏறி இறங்குவார். அவர் வாசிக்க இவள் ஆட, குடிப்பவர்கள் வீசுகிற சில்லறையைத் தரையில் பொறுக்கிக்கொண்டு அடுத்த கடைக்குப் போக வேண்டும். இது ரத்தமா சார்? தூங்க வேண்டிய குழந்தைக்கு நைட் டூட்டி. ரத்தம் என்று சொல்லிவிட்டால் அந்த உழைப்புக்கு யாரும் கணக்குக் கேட்க மாட்டார்கள், அவ்வளவுதான் சௌகரியம்.

1936-ல் ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் வந்ததும் லிஸ்பன் வழியாக பியூனஸ் அயர்ஸ், அப்புறம் அமெரிக்கா. உடன்பிறந்தவர்கள், அப்பா என்று குடும்பமே அவர் குழுவில்தான். அதாவது குடும்பம் அவரைத் தூக்கிவிட்டது பாதிக் கதை, மீதி அவர் குடும்பத்தைச் சுமந்தது. வேகமான காலடி ஆண்கள் சமாசாரம் என்றிருந்த காலத்தில் கால்சட்டை போட்டுக்கொண்டு வந்து குதிகாலால் மேடையை அதிரவைத்தார். 1963-ல் வந்த 'லாஸ் தாரந்தோஸ்' படத்தைப் பாருங்கள். உட்கார்ந்தபடி மேஜையில் விரல் முட்டியால் தட்ட ஆரம்பிப்பார், அதிலேயே தாளம் முழுக்க வந்துவிடும். உடம்பு முடியாத நிலையில் ஆடியது அது.

எனக்குப் பிடித்தது என்னவோ மத்தி மீன் கதைதான். நியூயார்க்கில் வால்டார்ஃப் அஸ்டோரியா ஹோட்டல் அறையில், கட்டில் ஸ்பிரிங்கைக் கழற்றி அடுப்புமேல் போட்டு இவர்கள் மத்தி சுட்டுத் தின்றதாக உலகமே சொல்கிறது. பொய்யாகவே இருந்தாலும் நான் நம்பத் தயார். எங்கள் அடுக்குமாடியில் ஞாயிற்றுக்கிழமை நாலே நாலு மத்தியை வறுத்ததற்கு, லிஃப்டில் வாடை வருகிறது என்று செயலாளர் வாட்ஸ்அப்பில் சுற்றறிக்கை விட்டார், அதற்குக் கைகூப்பும் பொம்மை வேறு. ஸ்பிரிங்கில் சுட்டிருந்தால் அவசரப் பொதுக்குழுவே கூட்டியிருப்பார். மீனைப் பற்றி எழுதினால் சந்தாவை நிறுத்திவிடுவேன் என்று போன தீபாவளிக்கு மிரட்டிய வாசகர் இதையும் படித்துக்கொண்டிருப்பார் என்று தெரியும். ஐயா, மத்திக்கு மிளகுத்தூள் கொஞ்சம் தூக்கலாக இருக்க வேண்டும்.