இழுவைப் படகு எதற்கு? அருங்காட்சியகம் ஆன ஒன்றின் கதை என்ன?

பினாங்கு ஃபெரியில் பட்டர்வொர்த் போகும்போது, பெரிய சரக்குக் கப்பலை முட்டித் தள்ளும் குட்டிப் படகைப் பார்த்திருப்பீர்கள். அதுதான் இழுவைப் படகு. வேகமாக ஓடும் தண்ணீர் பட்டால்தான் கப்பலின் சுக்கான், அதாவது பின்னால் இருக்கும் திசைதிருப்பும் பலகை, வேலை செய்யும். கரையருகே வேகம் குறைந்ததும் கப்பல் சொன்னபடி திரும்பாது. கோயில் தேரை முட்டுக்கட்டை போட்டுத் திருப்புகிறார்களே, இழுவைப் படகு செய்வதும் அந்த வேலைதான்.

அமெரிக்காவின் மேற்குக் கரையில், சான் பிரான்சிஸ்கோவில் அருங்காட்சியகக் கப்பலாக நிற்கும் ஹெர்குலிஸ், 1907-இல் கிழக்குக் கரையின் நியூ ஜெர்சியில் கட்டிய நீராவி இழுவைப் படகு. பனாமா கால்வாய் திறக்காத காலம். அதனால் தன் ஜோடிப் படகையும் இழுத்துக்கொண்டு தென் அமெரிக்காவையே சுற்றி வந்தது. பிறந்ததுமே இப்படி ஒரு வேலை! அப்புறம் மரத் தெப்பங்கள், ரயில் பெட்டி ஏற்றிய மிதவைகள் என்று 1962 வரை உழைப்பு.

அருங்காட்சியகக் கப்பல் என்றால் வெறும் கூடு என்று நினைக்க வேண்டாம். இதன் பழைய நீராவி இயந்திரம் இன்னும் உள்ளேதான் இருக்கிறது.