கேளுங்கள், பேசுவோம்: அம்மாவிடம் கேட்டீர்களா?

இந்த மாதம் வந்த கடிதங்களில் பெரும்பாலானவை வயதானவர்களைப் பற்றியவை, சில அவர்களே எழுதியவை. 2030ல் சிங்கப்பூர்க் குடிமக்களில் ஏறக்குறைய நால்வரில் ஒருவர் 65 வயதைத் தொட்டிருப்பார் என்கிறது அரசாங்கக் கணிப்பு. அதனால் இந்த முறை பக்கம் முழுவதையும் இந்த விஷயத்துக்கே ஒதுக்கிவிட்டேன்.

கேள்வி: அம்மாவுக்கு 79 வயது. அப்பா தவறிய பிறகு ஈசூனில் மூவறை வீட்டில் தனியாக இருக்கிறார். தாதிமை இல்லத்தில் சேர்க்கலாம் என்கிறார் அண்ணன். என் வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்கிறேன் என்கிறேன் நான். “வெள்ளைக்காரன்தான் பெற்றவர்களைக் கொண்டுபோய்த் தள்ளுவான், நாமுமா?” என்று கேட்டதிலிருந்து அண்ணன் என்னோடு பேசுவதில்லை. யார் பக்கம் நியாயம்?
(பெயர் வேண்டாம், செங்காங்)

பதில்: கடிதத்தை இரண்டு தடவை படித்தேன், தங்கையே. அண்ணன் சொன்னது இருக்கிறது, அண்ணி சொன்னது இருக்கிறது, உங்கள் வீட்டுக்காரர் சொன்னதும் இருக்கிறது. அம்மா என்ன சொன்னார் என்று மட்டும் ஒரு வரிகூட இல்லை. காலையில் ஈரச்சந்தைக்குப் போய் மீன் வாங்கிவருகிறார், சாயங்காலம் புளோக்குக்குக் கீழே பக்கத்து வீட்டு மலாய் அம்மாவோடு உட்கார்ந்து பேசுகிறார் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். மீனின் செவுளைத் தூக்கிப் பார்த்து வாங்கத் தெரிந்தவருக்குத் தான் எங்கே இருக்க வேண்டும் என்று சொல்லத் தெரியாதா?

நான் தாதியாக வேலை பார்த்த காலத்தில் ஒரு பெரியவர் இடுப்பெலும்பு முறிந்து வார்டில் இருந்தார். துறைமுகத்தில் உழைத்து ஓய்ந்தவர். கட்டிலுக்கு இந்தப் பக்கம் மருத்துவர், அந்தப் பக்கம் இரண்டு மகன்கள். அறுவை சிகிச்சை செய்வதா, அப்புறம் யார் வீட்டுக்குக் கூட்டிப்போவது, பணிப்பெண் வைப்பதா என்று எல்லாவற்றையும் அவர் நெஞ்சுக்கு மேலாகவே பேசி முடித்தார்கள். எல்லோரும் போன பிறகு என்னைக் கூப்பிட்டு, “மிஸ்ஸி, எனக்குக் காது நல்லாத்தான் கேக்குது” என்றார். அந்த மகன்கள் அப்பா மேல் உயிரையே வைத்திருந்தவர்கள். தினமும் சாப்பாடு கொண்டுவருவார்கள், காலைப் பிடித்துவிடுவார்கள். கேட்க வேண்டும் என்று மட்டும் அவர்களுக்குத் தோன்றவில்லை. எத்தனையோ வீடுகளில் இதைப் பார்த்துவிட்டேன்.

வெள்ளைக்காரனைப் பற்றி நீங்கள் சொன்னது சரியில்லை. ஐரோப்பாவில் 65 தாண்டியவர்களில் மிகப் பெரும்பாலோர் சொந்த வீட்டில்தான் இருக்கிறார்கள். சுவீடனில் 1992 முதல் முதியோர் பராமரிப்பு முழுக்க நகராட்சியின் பொறுப்பு. குளிக்க உதவ, மருந்து கொடுக்க, வீட்டைச் சுத்தம் செய்ய ஆள் வீட்டுக்கே வருவார். பிள்ளை வந்தால் அம்மாவோடு உட்கார்ந்து காப்பி குடிக்கலாம். வந்ததும் வராததுமாகத் துணி துவைக்க ஓட வேண்டியதில்லை. ஜப்பானை எடுத்துக்கொள்ளுங்கள். முதியோரை மதிக்கும் நாள் என்று 1966 முதல் அங்கே தேசிய விடுமுறையே உண்டு. இப்போது செப்டம்பர் மாதத்தின் மூன்றாம் திங்கட்கிழமை. ஆனால் படுத்த படுக்கையாகிவிட்ட மாமியாரைப் பார்த்துக்கொள்வது காலங்காலமாக மருமகள் தலையில்தான் விழுந்தது. மரியாதையால் மட்டும் அந்தச் சுமை குறையவில்லை. அதனால்தான் 2000ஆம் ஆண்டில் நீண்டகாலப் பராமரிப்புக் காப்புறுதியைக் கொண்டுவந்தார்கள். 40 வயதானவர்கள் எல்லோரும் அதற்குச் சந்தா கட்ட வேண்டும். ஆகவே அண்ணனைக் கல்நெஞ்சக்காரராகப் பார்க்காதீர்கள். அவர் பயப்படுகிறார். அம்மா குளியலறையில் விழுந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயம்.

அந்தப் பயத்துக்கு வழி இருக்கிறது. தாதிமை இல்லம் என்பது எழுந்து நடமாட முடியாதவர்கள், அன்றாடக் காரியங்களுக்கு அடுத்தவர் கை வேண்டியவர்கள் போகும் இடம். சந்தைக்குப் போய்வரும் உங்கள் அம்மாவுக்கு அது இப்போது பொருந்தாது. வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் (வீவக) ‘ஈஸ்’ திட்டத்தில் குளியலறைக்குக் கைப்பிடிக் கம்பியும் வழுக்காத தரையும் போட்டுத்தருவார்கள். செலவில் பெரும்பகுதியை அரசாங்கம் ஏற்கும். வேறு வீடுதான் வேண்டும் என்று அம்மா சொன்னால், 65 வயதானவர்களுக்கென்றே கட்டப்படும் சமூகப் பராமரிப்பு அடுக்குமாடி வீடுகள் இருக்கின்றன. முதலாவதாக 2021ல் புக்கிட் பாத்தோக்கில் விற்பனைக்கு விட்டார்கள். தனி வீடு, தனிச் சாவி, ஆபத்து என்றால் 24 மணி நேரமும் உதவிக்கு ஆள். உங்களில் ஒருவர் மறுவிற்பனை வீடு வாங்கப் போவதாக இருந்தால், பெற்றோருடனோ 4 கிலோமீட்டருக்குள்ளோ வாங்குபவர்களுக்கு வீவக மானியம் உண்டு, அதையும் விசாரியுங்கள்.

இன்னொன்று. அம்மாவின் நினைவு தெளிவாக இருக்கும்போதே எல்பிஏ பத்திரம் எழுதச் சொல்லுங்கள். பிற்காலத்தில் தானே முடிவெடுக்க முடியாமல் போனால் யார் தன் சார்பில் முடிவெடுக்கலாம் என்று அவரே பெயர் எழுதிக் கொடுப்பது அது. நீங்களா அண்ணனா என்பதையும் அவரே சொல்லட்டும். ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரும் சேர்ந்தே ஈசூனுக்குப் போங்கள். போய், முதலில் அவரைப் பேசவிடுங்கள்.

கேள்வி: பெற்றோரைப் பிள்ளைகள் வந்து பார்த்தே ஆக வேண்டும் என்று சட்டம் போட முடியுமா? வகுப்பில் இதைப் பற்றி விவாதம் வைத்தார்கள்.
(பலதுறைத் தொழிற்கல்லூரி மாணவி, உட்லண்ட்ஸ்)

பதில்: போட்டிருக்கிறார்கள், மகளே. தனியாக வாழும் பெற்றோரைப் பிள்ளைகள் அடிக்கடி போய்ப் பார்க்க வேண்டும், நலம் விசாரிக்க வேண்டும் என்கிற திருத்தப்பட்ட சட்டம் சீனாவில் 2013 ஜூலை 1 அன்று நடப்புக்கு வந்தது. அன்றைக்கே வூசி நகர நீதிமன்றம், 77 வயதுத் தாயை இரண்டு மாதத்துக்கு ஒரு முறையாவது போய்ப் பார்க்க வேண்டும் என்று அவர் மகளுக்குத் தீர்ப்புச் சொன்னது. நம் ஊர்ச் சட்டம் அதற்கும் மூத்தது. நியமன நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த வால்டர் வூன் கொண்டுவந்த பெற்றோர் பராமரிப்புச் சட்டம் 1995ல் நிறைவேறியது. தன்னைத் தானே பார்த்துக்கொள்ள வழியில்லாத 60 வயதுப் பெற்றோர் பிள்ளைகளிடம் பராமரிப்புப் பணம் கேட்கலாம். முதலில் சமரசப் பேச்சு, அதில் தீராவிட்டால் நடுவர் மன்றம். சின்ன வயதில் பிள்ளையைக் கைவிட்ட, கொடுமைப்படுத்திய பெற்றோர் என்றால் மன்றம் அதையும் பார்க்கும். எனக்குப் பிடித்த பகுதி அதுதான். இந்தியாவின் 2007 சட்டத்தில் இன்னொரு பிடி உண்டு: பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையோடு வீட்டைப் பிள்ளைக்கு எழுதிக்கொடுத்து, அவன் பார்க்காமல் விட்டால் அந்தப் பத்திரத்தையே செல்லாததாக்க முடியும்.

என் கருத்து: பணத்துக்குச் சட்டம் அவசியம் வேண்டும். மருந்துக்கும் அரிசிக்கும் காத்திருக்கும் தாய்க்கு அது பெரிய பலம். தீர்ப்புக்குப் பயந்து வந்து, கைப்பேசியைப் பார்த்துக்கொண்டே அரை மணி நேரம் உட்கார்ந்துவிட்டுப் போகிற மகளால் அந்த அம்மாவுக்கு என்ன கிடைக்கும் என்று எனக்குத் தெரியவில்லை. விவாதத்தில் நீ எந்தப் பக்கம் பேசினாலும், உன் பாட்டியிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் போ.

கேள்வி: எனக்கு 66 வயது. கொண்டோ ஒன்றில் காவலாளி வேலை. மகன் வங்கியில் நல்ல பதவியில் இருக்கிறான். “நீங்க சீருடையோட நிக்கிறதைப் பாக்க வெக்கமா இருக்குப்பா, நின்னுடுங்க” என்கிறான். எனக்கு வீட்டில் உட்காரப் பிடிக்கவில்லை. பிடிவாதம் பிடிக்கிறேனா?
(வாசகர், பூன் லே)

பதில்: இல்லை ஐயா, நீங்கள் செய்வது சரி. 2022 ஜூலையில் ஓய்வு வயது 63, மறுவேலைவாய்ப்பு வயது 68 என்று உயர்ந்தது. 2030க்குள் அவற்றை 65, 70 ஆக்குவது திட்டம். ஓய்வு வயது என்றால் அதற்கு முன்னால் வயதைக் காட்டி முதலாளி உங்களை அனுப்ப முடியாது என்று பொருள். அந்த வயதில் வேலையை விட்டே தீர வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. ஜெர்மனியில் பிஸ்மார்க் காலத்தில், 1889ல் ஓய்வூதியச் சட்டம் வந்தபோது 70 வயது என்று வைத்தார்கள். 1916ல் 65 ஆகக் குறைத்தார்கள். அதெல்லாம் அரசாங்கங்கள் தங்கள் கணக்குக்கு வைத்துக்கொண்ட எண்கள். உங்கள் முழங்காலும் மனசும் என்ன சொல்கின்றன என்பதுதான் முக்கியம். ஜப்பானில் 60 தாண்டியவர்களுக்குத் தோட்ட வேலை, பழுதுபார்ப்பு என்று சின்னச் சின்ன வேலை பிடித்துக் கொடுக்க ஊருக்கு ஊர் ‘வெள்ளி மனிதவள மையங்கள்’ இருக்கின்றன. அங்கே அதை யாரும் கேவலமாகப் பார்ப்பதில்லை.

ஆனால் ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். விரும்பிப் போகிறீர்களா, முடை இருந்து போகிறீர்களா? தென்கொரியாவில் எழுபது வயதுக்காரர்கள் அட்டைப்பெட்டி பொறுக்கி விற்கிறார்கள். தேசிய ஓய்வூதியம் 1988ல்தான் தொடங்கியது. அவர்கள் உழைத்த காலத்தில் அதில் போதிய அளவு சேரவில்லை. வயிற்றுப்பாட்டுக்காக என்றால் மகனிடம் அதை வெளிப்படையாகச் சொல்லுங்கள். ஆசைக்காகத்தான் என்றால் 12 மணி நேர ஷிஃப்ட் வேண்டாம், குறைத்துக் கேளுங்கள். சம்பளம் போதுகிறது, மத்திய சேம நிதியிலிருந்து மாதத் தொகையை இன்னும் வாங்கத் தொடங்கவில்லை என்றால் 70 வயது வரை தள்ளிப்போடலாம். தள்ளிப்போடும் ஒவ்வோர் ஆண்டுக்கும் தொகை 7 விழுக்காடு வரை கூடும். மகனிடம் இதையும் சொல்லுங்கள், வங்கிக்காரருக்குக் கணக்குப் புரியும்.

கேள்வி: என் கணவருக்கு அடுத்த ஆண்டு 60. அறுபதாம் கல்யாணம் வேண்டாம், ‘கிழவன் ஆயிட்டேன்னு ஊருக்குச் சொல்லணுமா’ என்கிறார்.
(திருமதி, பிடோக்)

பதில்: பிரபவ முதல் அட்சய வரை அறுபது ஆண்டுச் சுற்று முடிந்து, பிறந்த ஆண்டின் பெயரே திரும்பி வருவதைத்தான் கொண்டாடுகிறோம் என்று சொல்லுங்கள். ஜப்பானியர்களுக்கும் இதே அறுபதாண்டுச் சுற்று உண்டு. அங்கே மறுபடி பிறந்ததாகச் சொல்லிச் சிவப்பு மேலாடை போட்டுவிடுவார்கள். அமெரிக்காவில் ஒஹையோ மாநிலத்தில் செய்த ஆய்வு ஒன்று 2002ல் வெளிவந்தது: தங்கள் முதுமையை நல்லவிதமாக நினைத்தவர்கள், அப்படி நினைக்காதவர்களைவிடச் சராசரியாக ஏழரை ஆண்டு கூடுதலாக வாழ்ந்தார்கள். இவ்வளவுக்குப் பிறகும் வேண்டாம் என்றால் கட்டாயப்படுத்தாதீர்கள். அவர் பிறந்தநாள், அவர் விருப்பம்.

கேள்வி: மன்னார்குடியிலிருந்து பேரனைப் பார்த்துக்கொள்ள வந்திருக்கிறேன். வயது 64. மகளும் மருமகனும் காலையில் போனால் இரவுதான் வருவார்கள். பத்தாவது மாடி. குழந்தையைத் தவிரப் பேச ஆளில்லை. ஊருக்குப் போகிறேன் என்று சொல்லவும் மனசு வரவில்லை.
(ஒரு பாட்டி, பொங்கோல்)

பதில்: அக்கா, நீங்கள் செய்வது எவ்வளவு பெரிய காரியம் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். தான்சானியாவில் ஹட்சா என்ற வேட்டையாடி வாழும் மக்களிடம் கிறிஸ்டன் ஹாக்ஸ் என்ற மானுடவியல் அறிஞர் ஆய்வு செய்தார். தாய்க்கு அடுத்த குழந்தை பிறந்திருக்கும் காலத்தில், மூத்த பிள்ளை நன்றாக வளர்வதற்குப் பாட்டி தோண்டிக்கொண்டுவரும் கிழங்குதான் காரணமாக இருந்தது என்று கண்டார். மனித இனத்தில் பெண்கள் பிள்ளைப்பேற்றுக் காலம் கடந்தும் நெடுங்காலம் வாழ்வதற்கே இது ஒரு காரணமாக இருக்கலாம் என்பது அவர் கருத்து. பொங்கோலில் இரண்டு பேர் வேலைக்குப் போக முடிவதும் உங்களால்தான்.

அதனால் தயங்காமல் மகளிடம் கேளுங்கள். வாரத்தில் ஒரு நாள் முழுதாக உங்களுக்கு வேண்டும். வீட்டுப் பணிப்பெண்களுக்கு இங்கே 2013 முதல் வாரம் ஒரு நாள் ஓய்வு சட்டப்படி உண்டு; பாட்டிக்கு யாரும் சட்டம் எழுதிவைக்கவில்லை, வாய்விட்டுக் கேட்டால்தான் உண்டு. அன்றைக்கு மகள் உங்களைப் பொங்கோல் நிலையத்தில் வடகிழக்குப் பாதை ரயிலில் ஏற்றிவிடட்டும். ஃபேரர் பார்க் நிலையத்தில் இறங்கினால் பெருமாள் கோவில் நடக்கும் தூரம்தான். அங்கே உட்கார்ந்தால் தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர் யாராவது கட்டாயம் பேச்சுக் கொடுப்பார்கள். மற்ற நாட்களில் பேரனைத் தள்ளுவண்டியில் வைத்துச் சாயங்காலம் கீழே இறங்குங்கள். அந்த நேரத்துக்குச் சீனப் பாட்டிமார்களும் பேரப்பிள்ளைகளோடு வருவார்கள். பாஷை தெரியாவிட்டால் பரவாயில்லை, பிள்ளைகளை வைத்தே பழகிவிடலாம். மகள் என்ன சொன்னாள் என்று எனக்கு எழுதுங்கள், அவளிடம் நான் பேச வேண்டுமென்றால் அதையும் எழுதுங்கள்.