பில் நன்னின் தேர்வுகள் – கடிதமும் பதிலும்

வணக்கம்.

சில ஆண்டுகளாக அமெரிக்கக் கால்பந்தைத் தொடர்ந்து பார்த்து வருகிறேன். அவ்விளையாட்டின் சாதனையாளர்களைப் போற்றும் ஹால் ஆஃப் ஃபேமில் இடம்பெற்றவர்களின் பட்டியலில் பில் நன் என்ற பெயரைக் கண்டேன். அவர் எந்தத் தொழில்முறைக் கால்பந்து அணியிலும் ஆடியதில்லை. பயிற்சியாளராகவும் புகழ்பெற்றவர் அல்ல. பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணிக்கு ஆட்டக்காரர்களைத் தேடிக் கொடுத்த ஸ்கவுட், பிறகு அதன் நிர்வாகிகளில் ஒருவர். களத்தில் அடிபட்டு உழைத்தவர்களுக்குச் சமமாக இப்படிப்பட்ட ஒருவரை வைப்பது சரிதானா? திறமையைக் கண்டறியும் கண் பிறவியிலேயே வாய்ப்பதா? உங்கள் கருத்தை அறிய விரும்புகிறேன்.

எஸ்., மதுரை

அன்புள்ள எஸ்.,

உங்கள் இரண்டாவது கேள்வியிலிருந்தே தொடங்குகிறேன். அதற்கு விடை கிடைத்தால் முதல் கேள்விக்கும் பாதி விடை கிடைத்துவிடும்.

நன்னுக்குக் கூர்மையான கண் இருந்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் அவருடைய வெற்றிக்கு அதை மட்டும் காரணமாகச் சொல்வது அவர் உழைப்பைக் குறைத்து மதிப்பிடுவதாகும். ஸ்கவுட் ஆவதற்கு முன் அவர் பத்திரிகையாளர். அமெரிக்காவில் மிகப் பரவலாக வாசிக்கப்பட்ட கறுப்பின வார இதழ்களில் ஒன்றான பிட்ஸ்பர்க் கூரியரில் அவருடைய தந்தை நிர்வாக ஆசிரியராக இருந்தார். மகன் அங்கே விளையாட்டுப் பகுதியின் ஆசிரியரானார். கறுப்பினக் கல்லூரிகளின் சிறந்த ஆட்டக்காரர்களைக் கொண்ட ஓர் அணியைக் கூரியர் ஆண்டுதோறும் அறிவித்து வந்தது. 1950 முதல் அதைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பு நன்னிடம் இருந்தது. கிராம்பிளிங், ஃபுளோரிடா ஏ அண்ட் எம், டென்னசி ஸ்டேட் போன்ற கல்லூரிகளுக்கு அவர் அதற்காகவே போய்வந்தார்.

தெற்கு மாநிலங்களின் பெரிய பல்கலைக்கழகங்கள் அப்போது கறுப்பின மாணவர்களைத் தம் அணிகளில் சேர்ப்பதில்லை என்பதை நினைவில் கொள்ள வேண்டும். அதனால் அந்த மண்ணின் ஆகச் சிறந்த கறுப்பின இளைஞர்கள் இக்கல்லூரிகளில்தான் ஆடினார்கள். தொழில்முறை அணிகளின் ஸ்கவுட்டுகளில் பெரும்பாலோர் அங்கே போவது அரிது. போனாலும் ஒரு பகல் பார்த்துவிட்டுத் திரும்புவார்கள். நன்னோ பயிற்சியாளர்களின் வீட்டு மனிதரைப் போல அங்கே பழகினார். ஓர் இளைஞன் காயத்தை மறைத்து ஆடுகிறானா, தோற்ற ஆட்டத்துக்கு மறுநாள் பயிற்சிக்கு எப்படி வருகிறான் என்பதையெல்லாம் ஸ்டாப்வாட்ச் சொல்லாது. பயிற்சியாளர்தான் சொல்வார், அதுவும் தமக்கு நம்பிக்கையான ஒருவரிடம் மட்டும். அந்த நம்பிக்கை ஏறத்தாழ இருபது ஆண்டுப் பழக்கத்தில் விளைந்தது. இந்த வழியில் சென்றவர் அவர் ஒருவரே அல்ல. கான்சஸ் சிட்டி சீஃப்ஸ் அணிக்காக அவருக்கு முன்பே இதே கல்லூரிகளில் தேடிய லாயிட் வெல்ஸும் கறுப்பினப் பத்திரிகைத் துறையிலிருந்து வந்தவர்தான். இதைத் தற்செயல் என்று நான் நினைக்கவில்லை.

ஸ்டீலர்ஸ் அணி 1933இல் தொடங்கப்பட்டது. 1972 வரை பிளேஆஃப் ஆட்டம், அதாவது பருவ முடிவில் நடக்கும் வெளியேற்றச் சுற்று ஆட்டம், ஒன்றில்கூட அது வென்றதில்லை. 1969இல் ஆடிய 14 ஆட்டங்களில் 13இல் தோற்றது. உள்ளூர் அணி கறுப்பின ஆட்டக்காரர்களையும் கறுப்பினப் பத்திரிகையாளர்களையும் நடத்திய விதத்தில் நன்னுக்கு வருத்தம் இருந்தது. உரிமையாளர் குடும்பத்தைச் சேர்ந்த டான் ரூனி அவரை அழைத்துப் பேசியபோது அவர் அதை மறைக்காமல் சொன்னார். ரூனி சினம் கொள்ளவில்லை; எங்களோடு சேர்ந்து பணியாற்ற முடியுமா என்று கேட்டார். 1960களின் பிற்பகுதியில் பகுதிநேரமாகச் சேர்ந்த நன், விரைவிலேயே முழுநேரப் பணிக்கு வந்தார். குறை சொன்னவரையே உள்ளே அழைத்துக்கொள்ளும் மனம் நிர்வாகத்துக்கு இல்லாதிருந்தால், நன்னிடம் சேர்ந்திருந்த அத்தனை அறிவும் இதழின் பக்கங்களோடு நின்றிருக்கும். ஆட்டக்காரரின் நிறம், கல்லூரியின் பெயர் ஆகியவற்றைப் பொருட்படுத்தாத சக் நோல் 1969இல் தலைமைப் பயிற்சியாளராக வந்ததும் அதற்குத் துணையாயிற்று.

கல்லூரி ஆட்டக்காரர்களைத் தொழில்முறை அணிகள் ஆண்டுதோறும் சுற்றுச் சுற்றாக, முறை வைத்துத் தேர்ந்தெடுப்பதை டிராஃப்ட் என்பார்கள். அதன் வழியே பிறகு ஸ்டீலர்ஸுக்கு வந்த பெயர்களைப் பாருங்கள். 1969இன் பத்தாம் சுற்றில் எல். சி. கிரீன்வுட், 1970இன் மூன்றாம் சுற்றில் மெல் பிளவுண்ட், 1971இன் எட்டாம் சுற்றில் எர்னி ஹோம்ஸ். மூவரும் கறுப்பினக் கல்லூரிகளிலிருந்து வந்தவர்கள். எட்டாம் சுற்று, பத்தாம் சுற்று என்றால் மற்ற அணிகள் எல்லாம் அந்த மனிதரைப் பலமுறை கடந்து போயிருக்கின்றன என்று பொருள்.

ஜான் ஸ்டால்வொர்த்தின் கதையைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். 1974 டிராஃப்டுக்கு முன் அலபாமா ஏ அண்ட் எம் கல்லூரிக்குச் சென்ற ஸ்கவுட்டுகள் அவரை ஈரமான தரையில் ஓடவிட்டு நேரம் பார்த்தார்கள். மந்தமான நேரமே கிடைத்தது. மற்றவர்கள் கிளம்பிவிட, நன் உடல்நலமில்லை என்று சொல்லித் தங்கிவிட்டார். மறுநாள் நல்ல தரையில் அவரைத் தனியாக ஓடவிட்டபோது ஓட்டம் வேகமாக இருந்தது. ஸ்டால்வொர்த்தின் ஆட்டங்கள் அடங்கிய படச்சுருளும் ஸ்டீலர்ஸிடம் வந்து சேர்ந்தது. பிற அணிகளுக்கு அனுப்பப்பட வேண்டிய அந்தச் சுருள் போகவேயில்லை. நோல் அவரை முதல் சுற்றிலேயே எடுக்க விரும்பினார். வேறு எவருக்கும் அவருடைய முழு மதிப்புத் தெரியாது, காத்திருக்கலாம் என்று ஸ்கவுட்டுகள் சொன்னார்கள். மூன்றாம் சுற்றில் ஸ்டீலர்ஸுக்கு வாய்ப்பே இல்லை என்பதால் அது நெஞ்சு பதைக்கும் காத்திருப்பு. நான்காம் சுற்றிலும் அவர் இன்னும் எடுக்கப்படாமல் இருந்தார்; 82ஆவது ஆளாக ஸ்டீலர்ஸ் அவரை எடுத்தது.

இந்தச் செயலை எல்லோரும் சாமர்த்தியம் என்று கொண்டாடுகிறார்கள். எனக்கு அதில் ஓர் உறுத்தல் உண்டு. முன்னதாகத் தேர்வாகும் ஆட்டக்காரருக்கே பெரிய ஒப்பந்தம் கிடைக்கும். படச்சுருள் பல கைகளுக்குப் போயிருந்தால் அந்த இளைஞருக்கு இன்னும் மேலான இடம் கிடைத்திருக்கலாம். அணிக்கு உண்மையாக இருப்பதும் ஆட்டக்காரருக்கு நியாயமாக இருப்பதும் எப்போதும் ஒன்றாக அமைவதில்லை. நன்னின் மீது நான் கொண்ட மதிப்பு இதனால் குறையவில்லை என்றாலும், அவரைப் பற்றிச் சொல்லும்போது இதை விட்டுவிட்டுச் சொல்ல எனக்கு மனம் ஒப்பவில்லை.

அதே ஆண்டு 17 சுற்றுகளில் 442 பேர் தேர்வானார்கள். சவுத் கரோலினா ஸ்டேட் கல்லூரியின் டானி ஷெல் அவர்களில் இல்லை. யாரும் எடுக்காத அவரை ஸ்டீலர்ஸ் நேரடியாக ஒப்பந்தம் செய்தது. அவர் பின்னாளில் எதிரணி வீசிய பந்துகளை 51 முறை இடைமறித்தார். லின் ஸ்வான், ஜாக் லாம்பர்ட், ஸ்டால்வொர்த், மைக் வெப்ஸ்டர், ஷெல் என்று அந்த ஒரே ஆண்டில் வந்த ஐவர் இன்று ஹால் ஆஃப் ஃபேமில் இருக்கிறார்கள். 1974 பருவம் தொடங்கி ஆறு ஆண்டுகளில் அணி நான்கு முறை சூப்பர் பௌல் என்னும் இறுதிப் போட்டியை வென்றது. ஐவரையும் நன் ஒருவரே கண்டுபிடித்தார் என்று சொல்வது தவறு. ஸ்கவுட்டிங் பிரிவுக்குத் தலைமை வகித்தவர் ஆர்ட் ரூனி ஜூனியர்; இறுதி முடிவில் நோலின் பங்கும் பெரிது. ஆனால் ஸ்டால்வொர்த், ஷெல் ஆகியோரின் பெயர்கள் தேர்வு நடந்த அறையில் ஒலித்ததற்கு நன் முதன்மையான காரணம்.

நிர்வாகியாக அவர் செய்தவற்றில் லட்ரோப் என்ற ஊரில் நடந்த அணியின் பயிற்சி முகாமைப் பல ஆண்டுகள் நடத்தியதும் அடங்கும். தாம் கண்டெடுத்த இளைஞர்கள் அறிமுகமில்லாத ஊரில் முதல் கோடையைக் கழித்தபோது, அங்கே பொறுப்பில் இருந்தவர் அவரே.

இனி உங்கள் முதல் கேள்வி. பிளவுண்டின் ஆட்டம் பிளவுண்டுக்கே உரியது. அதில் எவரும் பங்கு கேட்க முடியாது. ஆனால் அந்த ஆட்டத்தை நாம் காண நேர்ந்ததில் நன்னுக்குப் பங்கு உண்டு. அவரை ஹால் ஆஃப் ஃபேமில் வைத்தது சரியே என்பது என் உறுதியான எண்ணம். ஆட்டக்காரர், பயிற்சியாளர் அல்லாத பங்களிப்பாளர்களின் வரிசையில் இடம்பெற்ற முதல் கறுப்பினத்தவர் அவர். அந்தத் தேர்வு நடந்தது 2021இல். அவர் மறைந்ததோ 2014இல், 89 வயதில். அவர் உயிரோடு இருந்தபோதே அதைச் செய்திருக்க வேண்டும். 1987இல் ஓய்வு பெற்ற பிறகும் அவர் பகுதிநேரமாக அந்த அணியின் தேர்வுப் பணியைத் தொடர்ந்தார். அதற்குள் தெற்கின் பெரிய பல்கலைக்கழகங்கள் கறுப்பின இளைஞர்களைப் போட்டி போட்டுச் சேர்க்கத் தொடங்கியிருந்தன. அவர் ஒரு காலத்தில் ஏறக்குறையத் தனியாகச் சென்றுவந்த கல்லூரிகளின் ஆட்டங்களுக்கு எல்லா அணிகளும் ஸ்கவுட்டுகளை அனுப்பிக்கொண்டிருந்தன.