ஏட்ரியன் ரிச்: கவிதையும் பிரச்சாரமும் – கடிதம்

வணக்கம்.

சி.பி.எஸ்.இ. பன்னிரண்டாம் வகுப்பு ஆங்கிலப் பாடத்தில் அமெரிக்கக் கவிஞர் ஏட்ரியன் ரிச்சின் 'ஆன்ட் ஜெனிஃபர்ஸ் டைகர்ஸ்' கவிதையைப் படித்தவள் நான். அந்தப் புலிகள் மனதிலேயே இருந்தன. சமீபத்தில் அவருடைய பிற்காலக் கவிதைகளைத் தேடிப் படித்தேன். ஏமாற்றமாக இருந்தது. சந்தம் இல்லை, வரிகள் துண்டு துண்டாக நிற்கின்றன, கோபம் மட்டும் இருக்கிறது. எங்கள் பேராசிரியர் ஒருவர், "ஆடனே பாராட்டிய கவிஞர், பெண்ணியத்துக்குப் போய் வீணாகிவிட்டார்" என்பார். அது உண்மைதானா? பிரச்சாரம் கவிதையைக் கொன்றுவிட்டதா? எனக்கு இரண்டு வயதில் ஒரு பையன் இருக்கிறான், வாசிக்க நேரம் குறைவு. படிப்பதென்றால் எங்கே தொடங்குவது?

க.

அன்புள்ள க.,

உங்கள் பேராசிரியர் சொன்னதை நான் வேறு பலர் வாயிலாகவும் கேட்டிருக்கிறேன். முதலில் ஆங்கிலக் கவிஞர் டபிள்யூ. எச். ஆடன் என்ன பாராட்டினார் என்று பார்ப்போம். ரிச்சின் முதல் தொகுப்பு 1951இல் வந்தது, அவர் ராட்கிளிஃப் கல்லூரியில் படிப்பை முடித்த அதே ஆண்டு. யேல் இளம் கவிஞர் வரிசைக்கு அதைத் தேர்ந்தெடுத்தவர் ஆடன். முன்னுரையும் அவருடையதே. இந்தக் கவிதைகள் சுத்தமாக, அடக்கமாக உடுத்தியிருக்கின்றன, மெல்லப் பேசினாலும் முணுமுணுப்பதில்லை, பெரியவர்களை மதிக்கின்றன, ஆனால் மிரள்வதில்லை, பொய் சொல்வதில்லை என்கிற மாதிரி எழுதினார். பெண் பார்த்துவிட்டு வந்த பெரியப்பா வீட்டில் சொல்வது போலத்தான் எனக்குக் கேட்கிறது. ஆடன் கெட்டவர் என்று சொல்லவில்லை, நல்ல மனதோடு சொன்னதுதான். ஆனால் வாழ்நாள் முழுக்க அந்தச் சான்றிதழுக்கு உண்மையாக ஒருவர் எழுத வேண்டும் என்று நாம் எதிர்பார்ப்பது நியாயமா?

அந்தப் புலிகளையே இன்னொரு முறை பாருங்கள். சித்தி கம்பளி நூலில் புலிகளைத் தைக்கிறாள். தந்த ஊசியை இழுப்பதே அவள் விரல்களுக்குக் கஷ்டமாக இருக்கிறது. சித்தப்பா போட்ட கல்யாண மோதிரம் கையில் அவ்வளவு கனம். அவள் செத்த பிறகும் புலிகள் பயமில்லாமல் துள்ளிக்கொண்டே இருக்கும். இருபது வயதை ஒட்டி எழுதிய கவிதையிலேயே விஷயம் முழுக்க இருக்கிறது. இருபது வருடம் கழித்து, 1971இல் எழுதிய 'வென் வி டெட் அவேக்கன்' கட்டுரையில் ரிச் இதைப் பற்றியே பேசுகிறார். அந்தப் பெண்ணை வேண்டுமென்றே வேறு தலைமுறைக்காரியாக வைத்தேன், யாரோ ஒருத்தியைப் பற்றி எழுதுவதாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன் என்கிறார். யாப்பு அன்று தனக்கு ஆஸ்பெஸ்டாஸ் கையுறை மாதிரி உதவியதாம், வெறுங்கையால் தொட முடியாததைத் தொடுவதற்கு. ஆக, நீங்கள் பள்ளியில் ரசித்த அந்தச் சந்தம்தான் அவருக்குப் பாதுகாப்பாக இருந்தது. பிறகு வந்தது கையுறையைக் கழற்றிய கை.

ஏன் கழற்றினார்? கொடி பிடித்து ஊர்வலம் போனதால் இல்லை. 1953இல் ஆல்ஃபிரட் கான்ராட் என்ற ஹார்வர்ட் பொருளாதார அறிஞரோடு திருமணம். 1955, 57, 59இல் மூன்று பையன்கள். இரண்டாவது தொகுப்பு 1955இல் வந்தது, அடுத்தது வர எட்டு வருடம் ஆயிற்று. அந்த எட்டு வருடத்தின் பலன்தான் 1963இல் வந்த 'ஸ்னாப்ஷாட்ஸ் ஆஃப் எ டாட்டர்-இன்-லா'. அதன் தலைப்புக் கவிதையை எழுத இரண்டு வருடம் பிடித்தது. குழந்தைகள் பகலில் தூங்கும்போது, நூலகத்தில் கிடைத்த கொஞ்ச நேரத்தில், விழித்துக்கொண்ட குழந்தையைப் படுக்கவைத்துவிட்டு இரவு மூன்று மணிக்கு, இப்படித் துண்டு துண்டாகக் குறித்துவைத்தது. அதனால் எண் போட்ட பத்துத் துண்டுகளாகவே அது நிற்கிறது. உங்களுக்கு எரிச்சல் தந்த அந்த உடைந்த வடிவம் ஏதோ கொள்கையிலிருந்து வந்ததில்லை. தொடர்ந்து ஒரு மணி நேரம் உட்கார முடியாத ஒருத்தியின் கை எழுதிய வடிவம் அது. இரண்டு வயதுப் பையனை வைத்துக்கொண்டு இந்தக் கடிதத்தை நீங்கள் எத்தனை தடவை எழுந்து எழுந்து எழுதினீர்களோ!

அதில் ஓர் இடம். சமையலறையில் ஒருத்தி காபிப் பாத்திரத்தைத் தொட்டியில் தட்டி வைக்கிறாள். அவளுக்குள் தேவதைகள் திட்டுகிற மாதிரி ஏதோ குரல்கள் கேட்கின்றன: பொறுமையாக இருக்காதே, உன்னைக் காப்பாற்றிக்கொள் என்று. சில நாள் குழாயின் கொதிநீரில் கையைக் காட்டுகிறாள். தீக்குச்சி நகம் வரை எரிய விடுகிறாள். கெட்டில் மூக்கிலிருந்து வரும் ஆவியில் கையை வைக்கிறாள். வலிக்கவில்லை. இதில் எந்த வரி பிரச்சாரம்? ஆனால் இந்தக் கவிதையிலும் அந்தப் பெண் 'அவள்'தான், 'நான்' இல்லை. 'நான்' என்று சொல்ல அப்போது தைரியம் வரவில்லை என்று ரிச்சே பின்னால் எழுதியிருக்கிறார்.

துண்டு வடிவம் பற்றி இன்னொன்று, நம் பக்கத்துச் சங்கதி. 1960களின் கடைசியில் அய்ஜாஸ் அகமது (நம் இடதுசாரி வாசகர்களுக்கு 'இன் தியரி' நூல் வழியாகத் தெரிந்தவர்) டெல்லியின் உருதுக் கவிஞர் காலிப்பின் கஜல்களை (ஈரடிகளால் ஆன கவிதைகளை) நேர்ப்பொருளோடும் குறிப்புகளோடும் அமெரிக்கக் கவிஞர்கள் சிலரிடம் கொடுத்து ஆங்கிலத்தில் எழுதச் சொன்னார். ரிச்சும் அதில் ஒருவர். அந்த வேலையிலிருந்து அவருடைய சொந்த கஜல்கள் பிறந்தன. 1968 ஜூலை, ஆகஸ்டில் ஒவ்வொன்றுக்கும் தேதி போட்டு எழுதினார். எதுகையும் இல்லை, ஈரடி முடிவில் திரும்பத் திரும்ப வரும் சொல்லான ரதீஃபும் இல்லை. அவர் எடுத்துக்கொண்டது ஒன்றே ஒன்று: ஒவ்வொரு ஈரடியும் தனித்து நிற்கும், ஆனால் எல்லாம் சேர்ந்து ஏதோ ஒன்றைச் சொல்லும். மார்ட்டின் லூதர் கிங் சுடப்பட்ட வருடம். வியட்நாம் போர் ஓடிக்கொண்டிருந்தது. அவருடைய அப்பா இறந்ததும் அந்த வருடம்தான். நியூயார்க் சிட்டி காலேஜில் கறுப்பின, போர்ட்டோரிக்கோ மாணவர்களுக்கு எழுத்துப் பயிற்சி கொடுக்கத் தொடங்கியதும் அப்போதே. இத்தனையையும் ஒரு கவிதைக்குள் அடுக்க ஆங்கில யாப்பில் இடமில்லை, டெல்லிக் கவிஞரிடம் இருந்தது.

சரி, பிரச்சாரமே இல்லையா என்றால், இருக்கிறது. பிற்காலத் தொகுப்புகள் சிலவற்றில் அறிக்கை வாசனை அடிக்கிற பக்கங்களை நானும் தாண்டிப் போயிருக்கிறேன். கட்டுரைகளிலும் எல்லாம் ஒரே தரமில்லை. 'ஆஃப் உமன் பார்ன்' (1976) என்ற தாய்மை பற்றிய பெரிய புத்தகத்தில், ஆதிகாலத் தாய்த்தெய்வங்கள், தாய்வழிச் சமூகம் என்று போகும் நடு அத்தியாயங்கள் எனக்குப் பலவீனமாகப் படுகின்றன. அங்கே ஆசைதான் அதிகம், ஆதாரம் குறைவு.

ஆனால் அதே புத்தகத்தின் முதல் அத்தியாயத்துக்கு நிகராகத் தாய்மையைப் பற்றி எழுதியது அதிகம் இல்லை. 1960 நவம்பர் நாட்குறிப்போடு தொடங்குகிறது. பிள்ளைகள்மேல் உருகும் அன்பும் கொலைவெறி மாதிரி ஒரு சினமும் மாறி மாறி வருவதை மறைக்காமல் எழுதியிருக்கிறார். மூன்றாவது குழந்தைக்குப் பிறகு கருத்தடை செய்துகொள்ள விண்ணப்பக் கடிதத்தில் கணவரும் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது. மயக்கம் தெளிந்ததும் ஓர் இளம் நர்ஸ், கால்நடைக்குச் செய்வதற்கான சொல்லைப் போட்டு, "பண்ணிக்கொண்டாயாக்கும்" என்கிற தொனியில் கேட்கிறாள். இதோடு வெர்மான்டில் கழிந்த ஒரு கோடையும் வருகிறது. கணவர் வெளிநாட்டு வேலைக்குப் போயிருக்கிறார். அம்மாவும் மூன்று பையன்களும் மட்டும். நினைத்தபோது வெளியிலேயே சாப்பாடு, தோட்டக் குழாயில் வெயிலில் சூடேறிய தண்ணீரில் குளியல், ராத்திரி வௌவாலும் நட்சத்திரமும் பார்த்துக்கொண்டு உட்காருவது, காலையில் தாமதமாக எழுவது. ஒருநாள் பின்னிரவில் காரோட்டி வருகிறார், பின் இருக்கையில் பையன்கள் தூங்குகிறார்கள், இவருக்கு அப்படியொரு உற்சாகம். ஊரில் இருந்தால் மோசமான அம்மா என்று பெயர் வாங்கித் தரும் விதிகள் எல்லாவற்றையும் நால்வருமாக உடைத்தாயிற்று! தாய்மை என்ற அனுபவம் வேறு, அதைச் சுற்றிக் கட்டியிருக்கும் அமைப்பு வேறு என்ற அவருடைய வாதத்தை இந்த ஒரு கோடையை வைத்தே பிடித்துக்கொள்ளலாம். விடுமுறை முடிந்ததும் பள்ளி மணி, படுக்கை நேரம் எல்லாம் திரும்பிவிடுகின்றன.

அவர் அரசியலை மேடைக்கு மட்டும் வைத்திருக்கவில்லை என்பதும் சேர்த்துச் சொல்ல வேண்டியது. 1974இல் 'டைவிங் இன்டு தி ரெக்' தொகுப்புக்கு தேசியப் புத்தக விருது, ஆலன் கின்ஸ்பெர்கோடு பகிர்ந்து கிடைத்தது. போட்டியிலிருந்த ஆட்ரி லார்ட், ஆலிஸ் வாக்கர் இருவரோடும் முன்கூட்டியே பேசிவைத்து, யாருக்குக் கிடைத்தாலும் எல்லாப் பெண்கள் சார்பாகவும் வாங்குவது என்ற கூட்டறிக்கையோடு அதை ஏற்றார். 1997இல் கிளிண்டன் அரசு தேசியக் கலைப் பதக்கம் அறிவித்தபோது வேண்டாம் என்று எழுதிவிட்டார். கலையைப் பிணையாகப் பிடித்துவைத்திருக்கும் அதிகாரத்தின் சாப்பாட்டு மேசையை அலங்கரிக்க மட்டும் கலை என்றால் அதற்கு அர்த்தமில்லை என்பது அந்தக் கடிதத்தின் சாரம். இருபத்திரண்டு வயதிலேயே தொடங்கிய முடக்குவாதத்தோடு, 2012இல் இறக்கும்வரை எழுதிக்கொண்டிருந்தார்.

உங்களுக்கு நேரம் குறைவு என்கிறீர்கள். முதலில் 'ஆஃப் உமன் பார்ன்' முதல் அத்தியாயம், பையன் தூங்கும் நேரம் போதும். அப்புறம் 'ஸ்னாப்ஷாட்ஸ்', ஒரு நாளைக்கு ஒரு துண்டு. மூன்றாவதாக 'ட்வென்டி-ஒன் லவ் போயம்ஸ்'. குப்பையும் சைரனும் நிறைந்த மன்ஹாட்டனில் இரண்டு பெண்களின் காதல். கோபம் மட்டும்தான் இருக்கிறது என்ற உங்கள் புகாரை இதைப் படித்த பிறகு மறுபடி எழுதுங்கள், பேசுவோம். பெண்ணுக்கு ஆண் என்பதைச் சமூகம் எப்படிக் கட்டாயமாக்குகிறது என்று பேசும் 1980ஆம் ஆண்டுக் கட்டுரை மிகவும் பிரபலம், ஆனால் அதைக் கடைசிக்குத் தள்ளுங்கள், கல்விப்புல நடை கொஞ்சம் கனம்.