நிறுத்திய ஆட்டத்தைக் காட்டியிருக்க வேண்டும்
(வாசகர் கேள்வி – பதில்)

சென்ற இதழில் 'பிசிக்கல்: 100' முதல் சீசனைப் பற்றிப் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன்: "அந்தக் கடைசி எபிசோடில் ஒரு பகுதி இல்லை." அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள் நான் எதிர்பார்க்காதவை. அதனால் கிரிக்கெட், டென்னிஸ் கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டு இந்த முறை இதற்கே முழு இடமும்.

நான் அந்த நிகழ்ச்சியைப் பார்த்ததில்லை. என் அறைத்தோழிகள் மட்டும் இன்னமும் அதைப் பற்றிச் சண்டை போடுகிறார்கள். கடைசி எபிசோடில் என்னதான் நடந்தது, மேடம்?
– கல்லூரி மாணவி

தென்கொரியாவில் எடுக்கப்பட்ட போட்டி அது. 2023 ஜனவரி 24 அன்று நெட்ஃப்ளிக்ஸில் தொடங்கியது. 100 பேர். மல்யுத்த வீரர்கள், பாடிபில்டர்கள், ராணுவத்தில் இருந்தவர்கள், மலை மீட்புப் பணியாளர் என்று பல வகை. எடைப் பிரிவு கிடையாது, ஆண் பெண் பிரிவும் கிடையாது. ஒவ்வொருவரின் உடலையும் அச்செடுத்து ஒரு சிலை செய்து வைத்திருப்பார்கள். தோற்றவர் தன் சிலையைத் தானே சுத்தியலால் உடைத்துவிட்டு வெளியேற வேண்டும். கடைசியில் மிஞ்சும் ஒருவருக்கு 30 கோடி வான் பரிசு.

இறுதிச் சுற்றுக்கு வந்த ஐந்து பேரும் கிரேக்கப் புராணப் பெயர் வைத்த ஐந்து சோதனைகளில் ஆளுக்கு ஒன்றாக ஜெயித்தவர்கள். சோ ஜின்-ஹியோங் 50 கிலோ கல்லை இரண்டு மணி நேரத்துக்கும் மேலாகத் தூக்கிப் பிடித்திருந்தவர். ஜங் ஹே-மின் 100 கிலோ உருண்டையை மேட்டில் ஏற்றி ஏற்றி உருட்டி ஜெயித்தவர், தொழில்முறை டிராக் சைக்கிள் வீரர்.

பிப்ரவரி 21 அன்று வந்த 9-ஆவது எபிசோடில் ஐவர் இருவரானார்கள்: ஜங் ஹே-மின், எடை தூக்கல், ஓட்டம் எல்லாம் கலந்த 'கிராஸ்ஃபிட்' பயிற்சி வீரர் வூ ஜின்-யோங். கடைசி ஆட்டம் கயிறு இழுப்பது. ஒருவரை ஒருவர் இழுப்பதில்லை. ஆளுக்கொரு பெரிய உருளையில் நீளமான கயிறு சுற்றியிருக்கும், அதை முழுவதும் முதலில் வெளியே இழுத்து முடிப்பவருக்கு வெற்றி. வூ ஜெயித்தார். நமக்குக் காட்டியது அவ்வளவுதான். இடைவெளி இல்லாமல் ஒரே மூச்சில் நடந்து முடிந்த ஆட்டம் மாதிரி.

சில நாட்களில் செய்தி கசிந்தது: அந்த ஆட்டம் ஒரே மூச்சில் நடக்கவில்லை, நடுவில் நிறுத்தி மீண்டும் தொடங்கியிருக்கிறார்கள். நிறுத்தியபோது தான் நன்றாக முன்னால் இருந்ததாகவும், மறுபடி தொடங்கியபோது உடம்பில் வலு இல்லை என்றும் ஜங் ஹே-மின் பேட்டி கொடுத்தார். முதலில் மறுத்த தயாரிப்புத் தரப்பு, பிறகு ஒலிக் கருவி சம்பந்தப்பட்ட கோளாறால் ஆட்டத்தை நிறுத்தியது உண்மைதான் என்றது. முடிவை மாற்றவில்லை, இருவரின் ஒப்புதலோடுதான் மீண்டும் தொடங்கினோம் என்றும் சொன்னது.

நிறுத்தியது இரண்டு பேருக்கும்தானே? ஓய்வும் இரண்டு பேருக்கும் சமமாகத்தானே கிடைத்தது? இதில் அநியாயம் எங்கே வந்தது?
– வங்கி ஊழியர், கபடி ரசிகர்

இந்தக் கேள்விக்காகவே இந்த இதழை ஒதுக்கினேன் என்று சொல்லலாம்.

கயிற்றை இறுக்கிப் பிடித்து இழுக்கும்போது முதலில் கைவிடுவது முதுகும் இல்லை, தொடையும் இல்லை. முன்கை. பிடி இறுகியிருக்கும்வரை முன்கைத் தசை தன் ரத்தக் குழாய்களைத் தானே நெருக்குகிறது, ரத்தம் சரியாக ஓடாது. பிடியை விட்டதும் ரத்தம் பாய்ந்து எரிச்சல் குறைகிறது. திடீர் வேகத்துக்கு உதவும் உடனடிச் சக்தி சில நிமிடங்களிலேயே பெரும்பாலும் திரும்பிவிடும். ஆனால் தசைக்குள் சேர்த்து வைத்திருக்கும் கிளைகோஜன் என்ற சர்க்கரைச் சேமிப்பு அப்படித் திரும்பாது. அது நிரம்பச் சாப்பாடு வேண்டும், பல மணி நேரமும் வேண்டும்.

இப்போது இரண்டு பேரை நினைத்துப் பாருங்கள். ஒருவர் தன் கயிற்றின் கடைசி முழம்வரை கணக்குப் போட்டு, இருக்கிற எல்லாவற்றையும் செலவழித்து முன்னால் போகிறார். இன்னொருவர் பின்தங்கியிருக்கிறார். தளர்ந்து பின்தங்கினாரோ, திட்டம் போட்டு மெதுவாகப் போனாரோ, நமக்குத் தெரியாது. அந்த நேரத்தில் "நிறுத்துங்கள்" என்று ஒரு குரல். கடிகாரத்தில் இருவருக்கும் ஒரே ஓய்வுதான். உடம்பில் அப்படி இல்லை. செலவழித்தவருக்குக் கொஞ்சம் திரும்பும், சேமித்தவருக்குக் கிட்டத்தட்ட எல்லாம் திரும்பும். முன்னால் போனவர் சம்பாதித்தது மீட்டர் கணக்கிலான கயிறு மட்டும் இல்லை. எதிராளியின் களைப்பையும் சேர்த்துத்தான் சம்பாதித்தார். கயிற்றை அளந்து அதே இடத்திலிருந்து மறுபடி தொடங்கலாம். களைப்பை அளந்து திருப்பி வைக்க வழி கிடையாது.

அப்புறம் இன்னொன்றும் இருக்கிறது. நீளமான ஓர் ஆட்டத்தை நடுவில் வெட்டினால் அது இரண்டு குறுகிய ஆட்டங்களாகிவிடுகிறது. 1500 மீட்டர் ஓடுகிறவரை 800-இல் நிறுத்தி, மூச்சு வாங்கவிட்டு, மிச்சத்தை ஓடச் சொன்னால் அது 1500 மீட்டர் ஓட்டமே இல்லை. நிதானமாக நெடுநேரம் தாங்குகிற உடம்புக்கும், சட்டென்று வெடித்துக் கிளம்புகிற உடம்புக்கும் அங்கே இடம் மாறிப்போகும்.

தடகளத்தில் இதற்காகவே விதி உண்டு. ஒரே நாளில் இரண்டு சுற்று ஓட வேண்டுமென்றால் 200 மீட்டர்வரை குறைந்தது 45 நிமிட இடைவெளி, அதற்கு மேல் 1000 மீட்டர்வரை 90 நிமிடம். 1000 மீட்டரைத் தாண்டினால் அடுத்த சுற்றை அதே நாளில் வைக்கவே கூடாது. போகிற போக்கில் யாரோ எழுதி வைத்த எண்கள் இல்லை இவை. களைத்த உடம்பு என்ன ஆகும் என்று மைதானத்தில் பார்த்துப் பார்த்து வந்தவை.

தடகள நடுவராகப் பல ஆண்டுகள் இருந்தவர் நீங்கள். அந்த அரங்கில் நடுவராக இருந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள்?
– உடற்கல்வி ஆசிரியர்

சார், நிறுத்த வேண்டிய அவசியம் வந்தால் நிறுத்தத்தான் வேண்டும், அதில் தவறே இல்லை. ஒலிக் கோளாறுக்காக நான் நிறுத்தியிருக்க மாட்டேன் என்பது வேறு விஷயம். சத்தம் கெட்டுப்போனால் அப்புறம் சரிசெய்துகொள்ளலாம். நிறுத்திய பிறகு இரண்டு காரியம் செய்திருப்பேன். முழு ஆட்டத்தையும் வேறொரு நாளில், புதுக் கயிற்றோடு, முதலிலிருந்து வைத்திருப்பேன். நடந்ததையெல்லாம் எழுத்தில் போட்டிருப்பேன்.

பெண்கள் 800 மீட்டர் இறுதி ஓட்டம் ஒன்றில் நான் நேரம் குறித்துக்கொண்டிருந்தேன். இரண்டாவது சுற்று தொடங்கியதும் ஒலிபெருக்கிக் கம்பம் ஒன்று சாய்ந்து, வயர் ஓடுபாதையில் விழுந்துவிட்டது. ஓட்டத்தை நிறுத்தினோம். தலைமை நடுவர் மறுஓட்டத்தை மறுநாள் காலைக்கு வைத்தார். முதல் நாள் முன்னால் ஓடிக்கொண்டிருந்த பெண் மறுநாள் நான்காவதாக வந்தார். அழுதார். ஆனால் முடிவுத் தாளில் எல்லாம் இருந்தது: எந்த இடத்தில் நிறுத்தினோம், ஏன் நிறுத்தினோம், அப்போது யார் முதலில், யார் இரண்டாவது, மறுஓட்டம் எப்போது. அந்தத் தாளில் ஒரு நகல் வேண்டும் என்று கேட்டு வாங்கிக்கொண்டு போனார். அவர் அதைக் கேட்டதும், அதைக் கொடுக்க எங்களிடம் ஒரு தாள் இருந்ததும் எனக்கு மிகப் பெரிய விஷயமாகப் பட்டது. இன்றும் அப்படித்தான் படுகிறது.

பெரிய மேடையிலும் இது நடந்திருக்கிறது. 2016 ரியோ ஒலிம்பிக்கில் பெண்கள் 4x100 தொடர் ஓட்டத் தகுதிச் சுற்று. அமெரிக்காவின் ஆலிசன் ஃபெலிக்ஸ் தடியைக் கொடுக்கப் போகும்போது பக்கத்து லேன் பிரேசில் வீராங்கனை இடித்துவிட, தடி கீழே விழுந்தது. அமெரிக்கா முறையிட்டது. அன்று மாலையே காலி மைதானத்தில் அந்த நான்கு பேரை மட்டும் தனியாக ஓடவிட்டார்கள். 41.77 விநாடி. அவர்கள் உள்ளே வந்தார்கள், சீன அணி வெளியே போனது. மறுநாள் அமெரிக்காவுக்குத் தங்கம். சீன அணிக்கு அது வலித்தது, அதன் ஆட்சேபம் ஏற்கப்படவில்லை. அந்தத் தீர்ப்பு சரியா என்று இன்றும் வாதாடலாம். ஆனால் வாதாடுவதற்கு வேண்டிய எல்லாம் நம் கண்முன் இருக்கிறது. இடித்தது, விழுந்தது, தனியாக ஓடியது, எல்லாமே உலகம் பார்த்தது.

'பிசிக்கல்: 100' பார்வையாளருக்கு அந்த வாய்ப்பைத் தரவில்லை. என் வருத்தம் முழுவதும் அங்கேதான் இருக்கிறது.

இது ரியாலிட்டி ஷோ. எடிட் செய்யாமல் எப்படிக் காட்டுவார்கள்? ஒலிம்பிக்கோடு ஒப்பிடுவது உங்களுக்கே அதிகமாகத் தெரியவில்லையா?
– குறும்பட இயக்குநர்

வெட்டுவதை நான் எதிர்க்கவில்லை. நூறு பேர் தொங்கியதை, மண் சுமந்ததை, ஒன்றரை டன் கப்பலை இழுத்ததை ஒன்பது எபிசோடுக்குள் கொண்டுவர வெட்டித்தான் ஆக வேண்டும். மூச்சு வாங்கும் முகத்தை நீளமாகக் காட்டலாம், இசை போடலாம், பின்னால் எடுத்த பேட்டியை நடுவில் வைக்கலாம். முடிவோடு சம்பந்தப்பட்ட சம்பவத்தை மட்டும் வெட்டக் கூடாது. யார் ஜெயித்தார், எப்படி ஜெயித்தார் என்ற கேள்விக்குப் பதிலாகத்தான் கடைசி எபிசோடே இருக்கிறது. அந்த 'எப்படி'யில் ஒரு துண்டை எடுத்துவிட்டால் மிச்சம் உள்ள காட்சி எவ்வளவு அழகாக இருந்தாலும் அது நடந்தது ஆகாது.

ஒரு கலைஞராக நீங்களே யோசித்துப் பாருங்கள். ஒலிக் கருவியில் கோளாறு, ஆட்டம் நிற்கிறது, இரண்டு பேர் வியர்வையோடு கயிற்றின் பக்கத்தில் காத்திருக்கிறார்கள், மறுபடி இழுக்கச் சொல்கிறார்கள். காட்டியிருந்தால் அந்த எபிசோடின் மிக உயிருள்ள ஐந்து நிமிடம் அதுதான்.

கொரியாவில் இதற்கு ஏன் இவ்வளவு கோபப்பட்டார்கள்? ஒரு விளையாட்டு நிகழ்ச்சிதானே?
– இல்லத்தரசி, கொரியத் தொடர்களின் ரசிகை

அவர்கள் முன்பே ஒருமுறை கையைச் சுட்டுக்கொண்டவர்கள், அம்மா. 2019-இல் 'புரொட்யூஸ் எக்ஸ் 101' என்ற பாட்டுக்குழுத் தேர்வு நிகழ்ச்சி எம்நெட் தொலைக்காட்சியில் வந்தது. ஜூலை 19 அன்று நேரடி ஒளிபரப்பான இறுதிப் பகுதியில் மக்கள் வாக்கு போட்டார்கள். முடிவு வந்ததும் ரசிகர்கள் எண்களைக் கழித்துப் பார்த்தார்கள். முதல் இடத்துக்கும் இரண்டாம் இடத்துக்கும் வித்தியாசம் 29,978 வாக்கு. மூன்றுக்கும் நான்குக்கும் அதே 29,978. கீழேயும் அதே எண் திரும்பத் திரும்ப வந்தது. விசாரணை நடந்தது, தயாரிப்பாளர்கள் கைதாகிச் சிறைத் தண்டனை பெற்றார்கள். தேர்வான எக்ஸ்1 குழு 2020 ஜனவரியில் கலைந்தது, அந்தப் பையன்கள் செய்யாத தப்புக்காக.

'பிசிக்கல்: 100'-இல் நடந்தது அந்த அளவு மோசடி என்று நான் சொல்ல மாட்டேன், அதற்கு ஆதாரம் இல்லை. ஆனால் அந்த அனுபவம் உள்ள ஜனங்களிடம் "ஒன்றும் நடக்கவில்லை" என்று முதலில் மறுத்துவிட்டு, அப்புறம் "நிறுத்தியது உண்மைதான்" என்றால் கோபம் வராதா?

அப்படியென்றால் வூ ஜின்-யோங் வெற்றி செல்லாது என்கிறீர்களா?
– பொறியியல் மாணவர்

இல்லை. அவரை இணையத்தில் திட்டியவர்கள்மேல் எனக்குக் கோபம் உண்டு. போட்டியாளர் தன் கயிற்றை இழுக்க வேண்டியவர், அரங்கத்தை நடத்த வேண்டியவர் இல்லை. நிறுத்தச் சொன்னபோது நின்றார், தொடங்கச் சொன்னபோது இழுத்தார், கடைசிவரை இழுத்தார். நிறுத்தத்தை மறைத்ததால் அடிபட்டது ஜங் ஹே-மின் மட்டும் இல்லை, வூவும்தான். முழுவதையும் காட்டியிருந்தால் அவருடைய வெற்றியின்மேல் இன்று ஒருவரும் விரல் நீட்ட முடியாது. தான் ஏன் தோற்றோம் என்பது பார்க்கிறவர்களுக்குத் தெரிய வேண்டும் என்பதுதான் ஜங் கேட்டதன் சாரம். நியாயமான கேள்வி.

அடுத்த சீசன்கள் எப்படி?
– பெயர் எழுதாத வாசகர்

2024-இல் வந்த இரண்டாவது சீசனில் அமோட்டி ஜெயித்தார். எனக்குப் பிடித்த வெற்றி, மோட்டார் சைக்கிள் விபத்தில் பெரிய காயம்பட்டு மீண்டு வந்தவர். 2025-இல் எட்டு நாடுகள் மோதிய 'பிசிக்கல்: ஏஷியா' வந்தது, கொரிய அணி ஜெயித்தது, இந்திய அணி இல்லை. மங்கோலிய அணியைப் பார்ப்பதற்காகவே அதைப் பார்க்கலாம்.

இவ்வளவு சொன்ன பிறகு அந்த முதல் சீசனின் கடைசி எபிசோடை என் மகனுக்குக் காட்டலாமா? அவன் பள்ளியில் கோ-கோ ஆடுகிறான்.
– ஒரு தந்தை

தாராளமாகக் காட்டுங்கள். முக்கியமாக ஷட்டில் ரன் பகுதி, அதாவது இரண்டு முனைகளுக்கு நடுவே திரும்பத் திரும்ப ஓடும் ஓட்டம். ஜங், வூ இவர்களோடு மலை மீட்புப் பணியாளர் கிம் மின்-சொல் ஓடுவது அதில்தான். ஒவ்வொரு திருப்பத்திலும் அவர்கள் இடுப்பை எவ்வளவு தாழ்த்துகிறார்கள், கடைசி அடி எங்கே வைக்கிறார்கள், களைத்த பிறகு அது எப்படி மாறுகிறது என்று நிறுத்தி நிறுத்திக் காட்டுங்கள். கோ-கோவில் கம்பத்தைச் சுற்றித் திரும்பும்போது அவனுக்கு அப்படியே உதவும். கயிறு பகுதி வந்ததும் ஆட்டத்தை நடுவில் நிறுத்தினார்கள் என்பதையும் சொல்லிவிட்டுப் போடுங்கள். எந்த இடத்தில் நிறுத்தியிருப்பார்கள் என்று அவனே தேடிப் பார்க்கட்டும்.